கோடு முறியாமல் மோர்ஸ் ரன்னர்

மோர்ஸ் ரன்னர், புள்ளியும் கோடுமாக வரும் மோர்ஸ் தந்திக் குறியைக் காதால் கேட்டுப் பழக, விண்டோஸுக்கென்றே எழுதப்பட்ட நிரல். என்னிடம் இருப்பதோ டெபியன் லினக்ஸ் ஏற்றிய பழைய மடிக்கணினி, தங்கச்சி பிளஸ் டூ படித்தபோது அரசு கொடுத்தது, 2 ஜிபி ராம். இந்த இரண்டையும் ஒத்துப்போக வைக்க மூன்று வாரம் ஆனது. "லினக்ஸில் ஓடுமா?" என்று யாரைக் கேட்டாலும் "வைனில் ஓடும்" என்று ஒரே வரியில் சொல்லிவிட்டுப் போய்விடுகிறார்கள். வைன் என்பது விண்டோஸ் நிரலை லினக்ஸில் ஓட வைக்கிற மென்பொருள். ஓடும்தான், முதல் நாளே ஓடியது. ஆனால் அது என் காதுக்கு என்ன கொடுத்தது என்பது பத்து நாள் கழித்துத்தான் தெரிந்தது, அதையும் கண்டுபிடித்தது நான் இல்லை, ஐயா.

ஐயா என்றால் அப்பாவைப் பெற்றவர். காரைக்குடி, தேவகோட்டை, திருப்பத்தூர் என்று தபால் தந்தி ஆபீஸ்களில் தந்தி அடித்தே ஓய்வு பெற்றவர். 2013 ஜூலையில் நாட்டில் தந்தியை நிறுத்தியபோது அந்தச் செய்தி வந்த பேப்பரை மடித்துத் தன் டிரங்குப் பெட்டியில் வைத்துக்கொண்டார், இன்னும் அங்கேதான் இருக்கிறது. நான் ஹாம் உரிமம், அதாவது பொழுதுபோக்காக வானொலி நிலையம் நடத்தும் உரிமம், எடுக்கப் போனபோது மோர்ஸ் இல்லாத வரையறுத்த வகுப்பிலேயே எடுத்திருக்கலாம். உலக அளவில் 2003-ஆம் ஆண்டு மாநாட்டிலேயே மோர்ஸ் கட்டாயம் என்பதை எடுத்துவிட்டு அந்தந்த நாட்டின் விருப்பத்துக்கு விட்டுவிட்டார்கள். ஆனாலும் ஐயா இருக்கிற வீட்டில் மோர்ஸ் தெரியாமல் உரிமம் வாங்க எனக்கு மனசு வரவில்லை. பொது வகுப்புக்கே போனேன். நான் எழுதியபோது நிமிடத்துக்கு 8 சொல் வேகம் கேட்டார்கள்.

8 சொல் தேர்வுக்குப் போதும், முடிந்தவரை அதிக நிலையங்களோடு தொடர்பு கொள்கிற ஹாம் போட்டி நாளில் பேண்டை, அதாவது அலைவரிசையைத் திறந்தால் எதற்கும் பற்றாது. அந்த வேகத்தில் ஒரு புள்ளி 150 மில்லி விநாடி நீளம், மனசுக்குள் எண்ணியே எழுதிவிடலாம். போட்டிகளில் 25, 30 சொல் வேகத்தில் அடிக்கிறார்கள். 25-இல் புள்ளி 48 மில்லி விநாடி, கோடு அதில் மூன்று மடங்கு, 144. 'பாரிஸ்' என்ற சொல்லை ஆங்கிலத்தில் அடித்தால் இடைவெளியோடு சேர்த்து 50 புள்ளி நீளம் வரும், அதை ஒரு சொல்லுக்கு அளவாக வைத்துச் செய்த கணக்கு இது. அந்த வேகத்தில் எண்ண நேரமே இல்லை. ஒவ்வொரு எழுத்தும் ஒரு ஒலியாக, தெருவில் போகும்போது நம் பேரைச் சொல்லிக் கூப்பிட்டால் தலை திரும்புகிறதே, அந்த மாதிரி காதில் விழ வேண்டும்.

அதற்குத்தான் மோர்ஸ் ரன்னர். எழுதியவர் கனடாவில் இருக்கும் அலெக்ஸ் ஷோவ்கோப்ளியாஸ், வி.ஈ.3.என்.ஈ.ஏ. என்பது அவருடைய அழைப்புக் குறி, வானொலியில் அவருக்கு உரிய பேர். ஒரு முழுப் போட்டியையே கணினிக்குள் உண்டாக்கிக் கொடுக்கும். எஃப்1 அழுத்தினால் நாம் பொது அழைப்பு விடுக்கிறோம், உடனே நாலைந்து பேர் ஒரே நேரத்தில் அவரவர் குறியைச் சொல்லிக் கூப்பிடுவார்கள், ஒருவர் தொனி கொஞ்சம் மேலே, ஒருவர் கீழே, ஒருவர் வேகம், ஒருவர் மெதுவு. திருவிழாக் கூட்டத்தில் நாலு பக்கமிருந்தும் கூப்பிடுவார்களே, அதில் ஒரு குரலைப் பிடித்துப் பதில் சொல்கிற வேலை. இடி மின்னல் இரைச்சல் வேண்டுமா, பக்கத்து நிலையத்தின் குறுக்கீடு வேண்டுமா, ஒலி ஏறி இறங்க வேண்டுமா, எதிர்முனையில் தப்பும் தவறுமாக அடிக்கிற ஆள் வேண்டுமா, ஒவ்வொன்றுக்கும் ஒரு கட்டம், டிக் பண்ணிக்கொள்ளலாம். இலவசம்தான். எனக்குத் தெரிந்து மோர்ஸ் பழக்கத்துக்கு இதைவிட நல்ல நிரல் கிடையாது.

லினக்ஸுக்கென்றே எழுதிய பயிற்சி நிரல்களும் உண்டு, அவற்றைக் குறை சொல்ல மாட்டேன். ஃபாபியன் குர்ட்ஸ் எழுதிய க்யூ.ஆர்.க்யூ. கட்டளை அடிக்கிற முனையத்திலேயே ஓடும், அழைப்புக் குறிகளை வேகம் கூட்டிக் கூட்டி அடித்துக் காட்டும், இன்றைக்கும் காலையில் கால்மணி நேரம் அதில்தான் கை நனைக்கிறேன். எழுத்துப் பழக எக்ஸ்.சி.டபிள்யூ.சி.பி. இருக்கிறது. ஆனால் இவற்றில் ஒரு நேரத்தில் ஒரு குரல்தான். கூட்டத்தில் கேட்கிற பழக்கம் அதில் வராது.

சரி, வைன். இது விண்டோஸைப் பாவனை செய்கிற இயந்திரம் கிடையாது. விண்டோஸ் நிரல் தன் பாஷையில் எதைக் கேட்டாலும் அதை லினக்ஸுக்குப் புரிகிற பாஷையில் மாற்றிச் சொல்லி, பதிலைத் திரும்ப வாங்கித் தருகிற துபாஷி. 1993-இல் தொடங்கிய வேலை, இன்னும் நடக்கிறது. மோர்ஸ் ரன்னர் டெல்ஃபி மொழியில் எழுதிய 32 பிட் நிரல் என்பதால் என் டெபியனில் முதலில் ஐ386 என்ற 32 பிட் கட்டமைப்பைச் சேர்க்கச் சொல்லி, தொகுப்புப் பட்டியலைப் புதுப்பித்து, அப்புறம் 32 பிட் வைனை நிறுவினேன். அந்த முதல் அடியை விட்டுவிட்டு வைனை மட்டும் போட்டதில் ஒரு சாயங்காலம் வீணாகப் போனது, ஆகவே அதை மறக்காதீர்கள். அதன் பிறகு நிறுவல் கோப்பை வைனில் திறந்தால் விண்டோஸில் வருகிற அதே பெட்டிகள் வந்தன, அடுத்து, அடுத்து என்று முடிந்தது. ஜன்னல் திறந்தது, குறி கொடுத்தேன், வேகம் 25 வைத்தேன், ஒலி வந்தது. அங்கங்கே லேசாகப் படபட என்றது. பழைய கணினி, ஸ்பீக்கரும் பழசு, இருக்கட்டும் என்று விட்டுவிட்டேன். அங்கேதான் தப்பு நடந்தது.

பத்து நாள் அப்படியே பழகினேன். மதிப்பெண் ஏறவே இல்லை. பயிற்சி முடிந்து பட்டியலைப் பார்த்தால் சரிபார்ப்புப் பத்தியில் வரிசையாக என்.ஐ.எல்., அதாவது நான் எழுதிக்கொண்ட குறியில் அப்படி ஒரு ஆள் கூப்பிடவே இல்லை. எஸ்5 என்று எழுதியிருப்பேன், வந்தது என்5. குறி எஸ்5 என்று தொடங்கினால் ஸ்லோவேனியா, என்5 என்று தொடங்கினால் அமெரிக்கா. இரண்டுமே நிஜத்தில் இருக்கிற குறிகள் என்பதால் எழுதும்போது சந்தேகமே வராது. என் காது மந்தம், வேகத்தைக் குறைக்க வேண்டும் என்று நினைத்து 20-க்கு இறங்கினேன். அதிலும் அதே கதை.

ஒருநாள் சாயங்காலம் ஹெட்போனைக் கழற்றிவிட்டு ஸ்பீக்கரிலேயே ஓட விட்டிருந்தேன். ஐயா முகப்புத் திண்ணையில் இருந்தார். அவருக்கு இந்தக் குழலொலி பழக்கம் இல்லை, தந்தி ஆபீஸில் இருந்தது சவுண்டர், கட்டு கட கட்டு என்று பித்தளைக் கை தட்டுகிற சத்தம்தான். அதனால் அவர் இதையெல்லாம் கேட்பதே இல்லை என்று நினைத்திருந்தேன். கொஞ்ச நேரம் கழித்து உள்ளே எழுந்து வந்தார்.

"தம்பி, அந்தாளு ஒவ்வொரு தடவையும் அஞ்சு என் என்னுதானே அடிக்கணும்?"

"ஆமாங்கய்யா. சிக்னல் நல்லாக் கேக்குதுன்னு சொல்ற 599-ஐச் சுருக்கி அப்படி அடிப்பாங்க. 9-க்குப் பதிலா என்."

"சமயத்துல அஞ்சு எஸ் என்னு வருதே."

"அவன் தப்பா அடிப்பான்யா. அப்படி ஆளுகளும் வர்ற மாதிரிதான் இதுல வச்சிருக்காங்க."

தலையை ஆட்டினார். "கை மாறலை. அதே கை, அதே நடை. கை தப்பு பண்ணினா நடை தடுமாறும், அடுத்த எழுத்துல தெரியும். இது தடுமாறலை. ஒனக்கு லைன்லதான் கோளாறு, கோடு முறியுது."

பிறகு உட்கார்ந்து அவர் சொன்னதை நான் வெகுநேரம் கேட்டுக்கொண்டிருந்தேன். நம் பக்கத்துத் தந்தியில் பேரைவிட விலாசம்தான் பெரிசு. நகரத்தார் வீடுகளுக்குப் பெரும்பாலும் முன்னெழுத்துகளே விலாசம், ஒரே தெருவில் ஒரே பேரில் நாலு பேர் இருப்பார்கள், அந்த இரண்டு மூன்று ஆங்கில எழுத்துகளை வைத்துத்தான் எந்த வீட்டுச் சேதி என்று தெரியும். அந்தக் காலத்தில் தந்தி என்றாலே ஊரில் முதலில் அழுகைதான், அப்புறம்தான் பிரித்துப் பார்ப்பார்கள். பினாங்கிலிருந்தும் கொழும்பிலிருந்தும் வரும், 1964-இல் பர்மாவில் கடைகளை அரசுடைமை ஆக்கியபோது ரங்கூனிலிருந்து இன்ன கப்பலில் வருகிறோம் என்று தொடர்ந்து வந்துகொண்டே இருந்ததாம். "என்-னை எஸ்-னு எழுதிட்டா சாவுச் சேதி சாவு விழாத வீட்டுக்குப் போயிரும்டா" என்றார். சந்தேகம் வந்தால் திரும்ப அடிக்கச் சொல்லிக் கேட்காமல் காகிதத்தில் கை வைக்க மாட்டாராம். சத்தம் சரியில்லை என்று தெரிந்தும் அதைக் கேட்டே பத்து நாள் எழுதிக்கொண்டிருந்தவன் நான்.

அன்று ராத்திரியே ஆடாசிட்டி என்ற ஒலிப்பதிவு நிரலில் மோர்ஸ் ரன்னரின் ஒலியைப் பதிவு செய்து, ஒரு 'என்'னைப் பெரிதாக்கிப் பார்த்தேன். 'என்' என்றால் ஒரு கோடு, ஒரு புள்ளி. கோடு 144 மில்லி விநாடிக்குத் திரையில் ஒரே கட்டையாகப் படுத்திருக்க வேண்டும். முதல் மூன்று 'என்' அப்படித்தான் இருந்தன. நாலாவதில் கட்டை 50-க்கு வந்து நின்றுபோயிருந்தது, அடுத்த 45 மில்லி விநாடிக்கு ஒன்றுமே இல்லை, வெறும் நேர்கோடு, பிறகு மறுபடி 49. புள்ளி, இடைவெளி, புள்ளி. அதற்கப்புறம் 'என்'னின் சொந்தப் புள்ளி. மூன்று புள்ளி என்றால் 'எஸ்'. என் காது கேட்டது சரிதான், ஒலிபெருக்கியில் வந்ததே 'எஸ்'தான். பக்கத்திலிருந்த 5-க்கு ஒன்றும் ஆகவில்லை, அது ஐந்தும் புள்ளி, முறிய அதில் கோடே இல்லை. என்5 எப்படி எஸ்5 ஆனது என்று அந்தத் திரையிலேயே தெரிந்துவிட்டது. பத்து நிமிடப் பதிவில் 23 இடத்தில் இப்படி முறிவு. எல்லாமே எழுத்தை மாற்றாது, பாதிக்கு மேல் படபட சத்தத்தோடு போய்விடும், மாற்றுகிறவைதான் ஆபத்து.

பாட்டுக் கேட்கிறவருக்கு இது ஒரு சின்ன இரைச்சல். சினிமா பார்க்கிறவருக்குத் தெரியவே தெரியாது. மோர்ஸ் பழகுகிறவருக்கு இது தப்பான பாடம். 1930-களில் ஜெர்மனியின் லுட்விக் கோச் கண்டுபிடித்துச் சொன்னது இதுதானே, எழுத்தை முழு வேகத்தில், ஒரே ஒலியாக, முதல் நாளிலிருந்தே காதுக்குக் கொடு, எண்ணப் பழக்காதே, பத்துக்கு ஒன்பது சரியாக வந்தால்தான் அடுத்த எழுத்து. அப்படிப் பழகுகிற காதுக்கு முறிந்த கோட்டைக் கொடுத்தால் அது முறிந்த கோட்டைத்தான் கற்றுக்கொள்ளும். புதிதாகத் தொடங்குகிறவர்கள், எந்தப் பயிற்சி நிரலை அதற்கென்று எழுதப்படாத இயங்குதளத்தில் ஓட்டினாலும், எழுத்தைக் குறை சொல்வதற்கு முன்னால், காதைக் குறை சொல்வதற்கு முன்னால், பத்து நிமிடம் பதிவு செய்து கண்ணால் பார்த்துவிடுங்கள் என்று கும்பிட்டுக் கேட்டுக்கொள்கிறேன்.

காரணம் பெரிய மர்மம் ஒன்றும் இல்லை. நிரல் ஒலியைத் துண்டு துண்டாகத்தான் தயார் செய்யும். ஊருணியிலிருந்து குடம் குடமாக மொண்டு வந்து தொட்டியில் ஊற்றுகிற மாதிரி, தொட்டிக்கு அடியில் குழாய் சதா திறந்தே இருக்கிறது. தண்ணீர் சுமக்கிறவர் ஒரு நடை தாமதித்தால் குழாய் வறளும். இங்கே சுமக்கிறவர்கள் இரண்டு பேர், மோர்ஸ் ரன்னர் வைனிடம் கொடுக்க, வைன், லினக்ஸில் ஒலியைக் கவனித்துக்கொள்கிற பல்ஸ்ஆடியோவிடம் கொடுக்கிறது. பழைய சிபியு வேறு வேலையில் ஒரு கணம் மாட்டிக்கொண்டால் போதும், 45 மில்லி விநாடி வறட்சி.

முதலில் மோர்ஸ் ரன்னர் பக்கம். அதன் கோப்புறையில் ஐ.என்.ஐ. என்று முடிகிற அமைப்புக் கோப்பு இருக்கிறது, அதில் 'சிஸ்டம்' பகுதியில் 'பஃப்சைஸ்' என்ற வரி, அதுதான் தொட்டியின் அளவு. 1 முதல் 5 வரை கொடுக்கலாம், வழக்கமாக 3. அதை 5 ஆக்கினேன். பதிவு செய்து பார்த்தேன், ஒரு முறிவு கூட இல்லை. சந்தோஷமாகப் பழகத் தொடங்கினால் கை இடறுகிறது. எஃப்1 அழுத்திய பிறகு ஒலி ஒரு நிதானத்துக்குப் பிறகு வருகிறது, எதிராளி முடித்த உடனே நான் பதிலை அழுத்தினாலும் இடையில் ஒரு வெற்றிடம். போட்டியில் அந்த வெற்றிடத்தில்தான் இன்னொருவர் நுழைவார். கேட்பது சரியாகி, பேசுவது கெட்டுப்போனது. ஆகவே மறுபடி 3.

அடுத்து பல்ஸ்ஆடியோ பக்கம். வைனைத் தொடங்கும்போதே 'பல்ஸ் லேட்டன்சி எம்செக்' என்ற சூழல் மாறிக்கு 60 என்று மதிப்புக் கொடுத்துத் தொடங்க வேண்டும், பெயர் முழுதும் ஆங்கிலப் பெரிய எழுத்து, சொற்களுக்கு நடுவே அடிக்கோடு. முனையத்தில் ஒவ்வொரு தடவையும் அடிக்காமல், முகப்பில் இருக்கிற குறுக்குவழியின் கட்டளை வரியிலேயே அதை முன்னால் சேர்த்துவிட்டேன். இப்போது பஃப்சைஸ் 3, தாமதம் 60. பத்து நிமிடப் பதிவில் முறிவு இல்லை, எஃப்1-க்கும் ஒலிக்கும் நடுவே கைக்கு உறுத்துகிற தாமதமும் இல்லை. உலாவியைத் திறந்து வைத்துக்கொண்டு சோதித்தால் இரண்டு முறிவு வந்தது, அதனால் பயிற்சி நேரத்தில் உலாவியை மூடிவிடுகிறேன். உங்கள் கணினிக்கு 60 பொருந்தாமல் 90 பொருந்தலாம், எண்ணை மாற்றிப் பதிவு செய்து பார்ப்பதுதான் வழி.

இடையில், கணினிக்குள் இன்னொரு கணினியை உண்டாக்குகிற விர்ச்சுவல்பாக்ஸில் விண்டோஸையே ஏற்றிப் பார்த்தேன். 2 ஜிபி ராமில் அது மூச்சு வாங்கியது, அன்றைக்கே எடுத்துவிட்டேன். ப்ளூடூத் ஹெட்போனும் வேண்டாம், அதுவே தன் பங்குக்குத் தாமதத்தைக் கூட்டும், நான் மேலே சொன்ன கணக்கெல்லாம் கெட்டுவிடும். கம்பி வைத்த சாதாரண ஹெட்போன் போதும்.

32 பிட் பற்றி ஒரு வார்த்தை. லினக்ஸ் விநியோகங்கள் 32 பிட் நூலகங்களைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கைவிடுகின்றன, 2019-இல் உபுண்டுக்காரர்கள் மொத்தமாக விடப்போவதாக அறிவித்து, எதிர்ப்பு கிளம்பியதும் பின்வாங்கினார்கள். அப்போது எனக்கும் பயம்தான். ஆனால் 2024 ஜனவரியில் வந்த வைன் 9.0-இலிருந்து, லினக்ஸ் பக்கம் 32 பிட் நூலகமே இல்லாமல் 32 பிட் விண்டோஸ் நிரலை ஓட்டுகிற ஏற்பாட்டை உள்ளே கொண்டுவந்துவிட்டார்கள். மோர்ஸ் ரன்னரின் மூலநிரலும் இப்போது திறந்தே கிடக்கிறது, அதை எடுத்து ஒரு குழு சமூகப் பதிப்பு என்று வளர்த்து வருகிறது. நிரல் நம் கையை விட்டுப் போகாது என்ற நம்பிக்கை வந்திருக்கிறது.

இன்னொன்று, வைன் தன் உலகம் முழுவதையும் ஒரே கோப்புறைக்குள் வைத்திருக்கிறது, புள்ளியில் தொடங்கும் பேர், வீட்டுக் கோப்புறையில் மறைந்திருக்கும். எல்லாம் சரியாக ஓடுகிற நாளில் அதை அப்படியே ஒரு பென்டிரைவில் நகல் எடுத்து வைத்துவிட்டேன். தேவகோட்டையில் இருக்கிற ஹாம் நண்பர் ஒருவரும் இதே மாதிரிப் பழைய கணினிதான் வைத்திருக்கிறார், வருகிற ஞாயிற்றுக்கிழமை கொண்டுவருகிறேன் என்றிருக்கிறார், அந்தக் கோப்புறையை அவருக்கும் போட்டுக் கொடுத்துப் பத்து நிமிடம் பதிவு செய்து பார்க்க வேண்டும்.

மே கடைசி வாரக் கடைசியில் சி.க்யூ. டபிள்யூ.பி.எக்ஸ். மோர்ஸ் போட்டி. மாடியிலிருந்து தென்னை மரம் வரைக்கும் 20 மீட்டர் கம்பி, 7 மெகாஹெர்ட்ஸ் டைபோல் ஆன்டெனா, ஏற்கெனவே கட்டியாயிற்று. கோடை இடி இரைச்சல் அந்தப் பேண்டில் நிஜமாகவே இருக்கும் என்பதால் மோர்ஸ் ரன்னரிலும் அந்தக் கட்டத்தை டிக் பண்ணியே ஓட்டுகிறேன். என்.ஐ.எல். இப்போது பக்கத்துக்கு ஒன்று, இரண்டு.

சாயங்காலம் ஆறு மணிக்கு ஹெட்போன் எனக்குக் கிடைப்பதில்லை. ஐயா முதல் அரைமணி நேரம் எடுத்துக்கொள்கிறார், விசைப்பலகையைத் தொட மாட்டார், நான் எஃப்1 அழுத்த வேண்டும், வருகிற குறிகளை அவர் ஏதாவது கல்யாணப் பத்திரிகையின் வெள்ளைப் பக்கத்தில் பென்சிலால் எழுதுவார். பெரிய ஆங்கில எழுத்துகள், ஒன்றோடொன்று ஒட்டாமல், ஒரே உயரத்தில், தந்திக் காகிதத்தில் எழுதுகிற மாதிரியே. நேற்று 22 சொல் வேகத்தில் 31 குறி எழுதினார். நிரலின் பட்டியலோடு நான் ஒத்துப் பார்த்தேன், இரண்டு தப்பு. அதில் ஒன்றுக்குப் பக்கத்தில் அவரே ஒரு கேள்விக்குறி போட்டு வைத்திருந்தார்.